வாடாமல்லிக்கு வந்த சொந்தக்காரர்கள்

காமினாசே என்ற மலையூரில் நாற்பது வயதுக்குள் இருக்கும் யாரைக் காட்டினாலும், அந்த ஆளுக்கு ஆறு வயதில் தலைச்சுற்றளவு எவ்வளவு என்று ஹருயோ யோசிக்காமல் சொல்லிவிடுவாள். பள்ளிக்கூட பஸ் ஓட்டுகிறவருக்கு ஐம்பத்து மூன்று சென்டிமீட்டர். தபால்காரருக்கு ஐம்பத்தொன்று. விவசாயக் கூட்டுறவுச் சங்கத்தில் வருவோர் போவோரையெல்லாம் அதட்டிக்கொண்டிருக்கும் மேலாளருக்கு வெறும் நாற்பத்தொன்பதரை. தொப்பி நிற்காமல் அவருக்கு மட்டும் உள்ளே நாடா வைத்துத் தைக்க வேண்டியிருந்தது. அதை ஹருயோ மறக்கவும் இல்லை, அவரை மறக்க விடவும் இல்லை.

பக்கத்துப் பள்ளத்தாக்கிலிருந்து இருபத்து நாலு வயதில் குவபரா வீட்டுக்கு மருமகளாக வந்தவள். வந்த வீட்டில் ஒரு கடை இருந்தது: பள்ளிச் சீருடை, விளையாட்டு உடுப்பு, வகுப்புக்குள் போடும் வெள்ளைச் செருப்பு, தொப்பி. கணவர் ஷோஜி வேனை ஓட்டினார், கணக்கு எழுதினார், சண்டை வந்தால் கிடங்குக்குள் போய்விட்டார். மற்றது எல்லாம் ஹருயோ. அவளுக்கு இப்போது அறுபத்தொரு வயது. மூக்குக்கு மேல் கோபம் வரும் என்று ஊரில் சொல்வார்கள். காரணமில்லாமல் வந்ததாக ஒருவரும் சொன்னதில்லை.

நாடு முழுக்க ஒன்றாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு மஞ்சள் தொப்பி. தெருவில் போகும்போது வண்டிக்காரர்கள் கண்ணில் படவேண்டும் என்பதற்காக. காமினாசேயில் மட்டும் வாடாமல்லி நிறம். வெளியூர்க்காரர்கள் பார்த்துச் சிரிப்பார்கள், திருவிழாத் தோரணத் துணி மிஞ்சிவிட்டதா என்பார்கள். ஊர்க்காரர்கள் பதில் சொல்லமாட்டார்கள். காரணம் பேசக்கூடிய காரணமாக இல்லை.

பத்தொன்பது வருடத்துக்கு முன், செப்டம்பர் கடைசியில், பள்ளிக்குப் போகும் வயல்பாதை வளைவில் நகுமோ எய்ஜியின் சின்ன லாரி ஒரு குழந்தைமேல் மோதியது. அவர் ஈர நெல்லை ஏற்றி, உலர்த்தும் கொட்டகைக்குக் கொண்டுபோய்க்கொண்டிருந்தார். குழந்தை பெயர் மிஹோ, ஒன்றாம் வகுப்பு. பிழைத்தாள். இடுப்பெலும்பு சரியாகக் கூடவில்லை, இன்றைக்கும் காலை இழுத்துத்தான் நடக்கிறாள். தொப்பி தெரியவில்லை, விளைந்த நெல்தான் தெரிந்தது என்று நகுமோ போலீசிடம் சொன்னார். அதைக் கேட்டவர்கள் சாக்குச் சொல்கிறான் என்றார்கள். ஹருயோ மட்டும் மறுநாள் காலை ஒரு மஞ்சள் தொப்பியை எடுத்துக்கொண்டு அந்த வளைவுக்குப் போனாள். அந்தத் தொப்பியை மிஹோவுக்கு அளந்து, போட்டுவிட்டு, "இனிமே கவலையில்ல" என்று தாயிடம் சொன்னது அவள்தான்.

தொப்பியை வயலோரம் ஒரு கம்பில் மாட்டிவிட்டு இருநூறு அடி பின்னால் வந்து திரும்பிப் பார்த்தாள். தொப்பியைக் காணவில்லை. நெல் கதிர் நெல்லாகவே நின்றது. அங்கேயே வரப்பில் உட்கார்ந்து அழுதாள், பிறகு எழுந்து திட்ட ஆரம்பித்தாள். யாரோ டோக்கியோவில், சிமெண்ட்டுச் சாலையைப் பார்த்துக்கொண்டு, மஞ்சள்தான் பாதுகாப்பு என்று முடிவு செய்திருக்கிறான். நெல் விளையும் ஊர் ஒன்று இருப்பது அவன் புத்திக்கு எட்டவில்லை.

அன்றையிலிருந்து ஒரு வருடம், அறுப்பு தொடங்கி அடுத்த அறுப்புவரை, முப்பது நிறத் துணித்துண்டுகளை மூங்கில் கம்புகளில் கட்டி அந்த வளைவில் நட்டு வைத்தாள். மழையில், மூடுபனியில், பனி கொட்டும்போது, நாற்று பச்சையாக இருக்கும்போது, வாரம் இரண்டு முறை ஷோஜி வேனை ஓட்டிவருவார். அவள் பக்கத்தில் உட்கார்ந்து எந்தத் துணி முதலில் கண்ணில் படுகிறது என்று எழுதுவாள். சிவப்பு மழையில் கறுத்துப் போனது. ஆரஞ்சு இலையுதிர்கால மலையோடு கலந்தது. நீலம் மூடுபனி விழுங்கிவிட்டது. எல்லாக் காலத்திலும் தெரிந்தது ஒன்றே ஒன்று, அந்த வாடாமல்லி. நகாஓகா நகரில் ஒரு சாயப்பட்டறையில் அதே நிறத்தில் துணி நனைத்து வாங்கிவந்தாள். அதற்கு அடுத்த ஏப்ரலிலிருந்து பதினேழு வருடம், பதினேழு முதல் வகுப்புகள் அதைப் போட்டுக்கொண்டு போயின. ஒரு பிள்ளைக்கும் கீறல் விழவில்லை.

ஆறு வருடத்துக்கு முன் டோக்கியோ நிறுவனம் ஒன்றின் விற்பனை ஆள் கடைக்கு வந்தார். குழந்தைகள் பாதுகாப்புச் சாமான் விற்கும் நிறுவனம். பெயரைச் சொல்லி அவர்களுக்கு இலவச விளம்பரம் தரவேண்டாம். இரவில் மின்னும் பட்டை விற்க வந்தவர், தொப்பியைப் பார்த்து வாயைப் பிளந்தார். ஹருயோ அவருக்குத் தேநீர் கொடுத்தாள், தான் போட்ட முள்ளங்கி ஊறுகாய் கொடுத்தாள், மூங்கில் கம்புக் கதை முழுவதும் சொன்னாள். போகும்போது இரண்டு தொப்பியும் கையில் கொடுத்து, சாயப்பட்டறையின் நிற எண்ணையும் ஒரு சீட்டில் எழுதித் தந்தாள்.

"எடுத்துட்டுப் போங்க," என்றாள். "நெல் விளையற ஊரு எத்தனையோ இருக்கு. எங்கயாவது ஒரு புள்ளைக்கு உதவட்டும்."

அவர் மூன்று முறை குனிந்து வணங்கிவிட்டுப் போனார். அடுத்த வருடம் அந்த நிறுவனம் வாடாமல்லித் தொப்பி விற்கத் தொடங்கியது. அந்த நிறத்துக்குக் 'காவல் மலர்' என்று ஒரு பெயரும் வைத்தது. விளம்பரத்தைப் பத்திரிகையில் பார்த்தபோது ஹருயோ சந்தோஷப்பட்டாள், அதை வெட்டி எடுத்துக் கல்லாவுக்கு மேல் ஒட்டியும் வைத்தாள். இப்போது அதை நினைத்தால் அவளுக்குத் தன் கையையே வெட்டிக்கொள்ளலாம் போலிருக்கும்.

இந்த வருடம் ஜனவரியில், கதவு பாதி உயரத்துக்குப் பனி கொட்டிக் கிடந்த ஒரு காலையில், அந்தக் கடிதம் வந்தது. உள்ளே என்ன எழுதியிருக்கிறது என்பதற்குத் தபால் இலாகாவே சாட்சியாக இருக்கும் வகைக் கடிதம். வழக்குப் போடத் துணிந்தவர்கள் அனுப்புவது. 'காவல் மலர்' நிறம் தங்கள் நிறுவனத்தின் அடையாளமாக நாடெங்கும் அறியப்பட்டது, அதை டிரேட்மார்க்காகப் பதிய நடவடிக்கை எடுக்கப்பட்டிருக்கிறது, ஆகவே அந்த நிறத்தில் தொப்பி செய்வதையும் விற்பதையும் உடனே நிறுத்த வேண்டும் என்று எழுதியிருந்தது. ஒரு பிரதி பள்ளித் தலைமையாசிரியருக்கும் போயிருந்தது.

ஹருயோ அதை இரண்டு முறை படித்தாள். நிறத்துக்குச் சொந்தக்காரனா? மலையோரம் மே மாதம் அதே நிறத்தில் பூக்கிற புதருக்கெல்லாம் இனி இவர்களிடம் சீட்டு வாங்கவேண்டுமா? பட்டறையில் இருந்து, கம்பிலிருந்து, அவள் கையிலிருந்து வாங்கிக்கொண்டு போனதை அவளுக்கே கிடையாது என்கிறான். வாய்க்கு வந்தபடி திட்டினாள். ஷோஜி கிடங்குக்குள் போனார். அன்று கொஞ்ச நேரத்திலேயே திரும்பி வந்தார். அதுவே அவர் எவ்வளவு பயந்துபோயிருந்தார் என்பதைக் காட்டியது.

பெரிய இடத்தோடு மோத முடியாது, முதலில் நேரில் போய்த் தலைவணங்கிவிட்டு வந்தால் பாதி வேகம் அடங்கிவிடும், பிறகு மெதுவாகப் பேசிக்கொள்ளலாம் என்பது அவர் யோசனை. இந்த ஊரில் யாரும் அதைத்தான் சொல்வார்கள். பக்கத்து வீட்டுக்காரன் பனியை நம் வாசலில் தள்ளினால்கூட, அவனுக்கு இடைஞ்சலாக நம் வாசல் அங்கே இருந்ததற்கு நாம்தான் முதலில் மன்னிப்புக் கேட்கிறோம். அது பேச்சைத் தொடங்குகிற வழி. தப்பை ஒப்புக்கொள்வது வேறு. இது சின்னக் குழந்தைக்கும் தெரியும்.

அப்படியே போனார்கள். நீகாத்தா நகரத்துக் கிளை அலுவலகத்துக்கு, இருபது மூங்கிலிலைக் கொழுக்கட்டை வைத்த பெட்டியைத் துணியில் சுற்றி எடுத்துக்கொண்டு, ஷோஜி கல்யாணக் கோட்டுடன், ஹருயோ பல்லைக் கடித்துக்கொண்டு. கிளை மேலாளர் ஹருயோவைவிட ஆழமாகக் குனிந்தார். இவ்வளவு தூரம் பனியில் வரவழைத்துவிட்டோமே என்று அவரே வருத்தப்பட்டார். பெட்டியை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார். பிறகு, தலைமை அலுவலகத்தில் நிம்மதியடைவதற்காக, ஒரு சம்பிரதாயத்துக்காக, ஒரே ஒரு வரி எழுதிக் கொடுத்தால் போதும் என்றார். மாதிரி வாசகம் தயாராக மேசையில் இருந்தது.

ஹருயோ படித்தாள். 'உங்கள் நிறுவனத்தின் நிறத்தைப் பயன்படுத்தித் தொந்தரவு கொடுத்ததற்கு மனமார வருந்துகிறேன்.' பேனாவை வைத்துக்கொண்டு ஒரு நிமிடம் உட்கார்ந்திருந்தாள். மேலாளர் சிரித்த முகமாகத் தேநீரைப் பக்கத்தில் நகர்த்தினார். ஷோஜி முழங்கையால் லேசாக இடித்தார். அவள் பார்த்து எழுதி, கைப்பையிலிருந்து பெயர் முத்திரையை எடுத்துச் சிவப்பு மையில் ஒற்றிக் குத்திவிட்டு வந்தாள்.

பாதி வேகம் அடங்கவில்லை. பத்து நாளில் அடுத்த கடிதம். உங்கள் புரிதலுக்கு நன்றி, ஆகவே ஏப்ரலிலிருந்து ஒரு தொப்பியும் விற்கமாட்டீர்கள் என்று நம்புகிறோம். ஹருயோ தொலைபேசியில் கேட்டாள்: சரி, நீங்களே அந்த நிறத்தில் எங்கள் பிள்ளைகளுக்கு விற்பீர்களா? விற்போம், ஆனால் முந்நூறுக்குக் குறைந்து அனுப்புவதில்லை என்றார்கள். காமினாசேயில் இந்த வருடம் ஒன்றாம் வகுப்புக்குப் பதினொரு பிள்ளைகள்.

தலைமையாசிரியர் வந்தார். கடைக்குள் நுழையும் முன்பே குனிந்துகொண்டு வந்தார். ஊர்க் கல்விக் குழு கூடிப் பேசியிருக்கிறது, வம்பு வேண்டாம் என்று மஞ்சள் தொப்பிக்கே திரும்பிவிடுவதாக முடிவாகியிருக்கிறது. செப்டம்பரில் என்ன செய்வீர்கள் என்று ஹருயோ கேட்டாள். பிள்ளைகளைக் கவனமாகப் போகச் சொல்வோம் என்றார்.

"ஆறு வயசுப் புள்ள கவனமா போகுமா?" என்றாள் ஹருயோ. "அது தவளையப் பாத்துட்டுப் போகும் சார். நீங்க அப்படித்தான் போனீங்க. நான் பாத்திருக்கேன்."

அவர் அதற்கும் குனிந்தார். ஹருயோவுக்கு அந்த நிறுவனத்தின்மேல் இருந்த கோபம் அன்றைக்குச் சொந்த ஊர்மேல் திரும்பியது. பதினேழு வருடம் தங்கள் பிள்ளைகளின் தலையில் இருந்ததை ஒரு காகிதத்தைப் பார்த்துக் கழற்றிவிடுகிறார்கள். ஒருவராவது, ஏன் என்று கேட்கவில்லை. கேட்காததற்குப் பெயர் இங்கே பொறுமை. அவளைக் கேட்டால் அது வெறும் கோழைத்தனம்.

பிப்ரவரியில் வணிகர் சங்கத்தில் இலவச ஆலோசனை நாள். டிரேட்மார்க் விஷயம் தெரிந்த ஒனோஸுகா என்ற பெண்மணி நகாஓகாவிலிருந்து வந்திருந்தார். முப்பத்தைந்து வயதிருக்கும், குளிருக்கு இரண்டு கம்பளிச் சட்டை போட்டுக்கொண்டு தொடர்ந்து தும்மிக்கொண்டிருந்தார். ஹருயோ இரண்டு கடிதங்களையும் மேசையில் வைத்தாள். அவர் படித்துவிட்டு, கம்ப்யூட்டரில் தேடிவிட்டு, பதிவு அலுவலகத்திலிருந்து கோப்பை வரவழைத்துப் பார்க்க வேண்டும், அடுத்த வாரம் வாருங்கள் என்றார். அடுத்த வாரம் ஹருயோ போனபோது மேசையில் காகிதக் கட்டு இருந்தது.

"இது இன்னும் யாருக்கும் சொந்தமாகல, குவபரா சான்," என்றார் ஒனோஸுகா. "கேட்டிருக்காங்க, அவ்வளவுதான். கேக்கறதுன்னா யார் வேணா கேக்கலாம்."

"நிறத்த எப்படிங்க ஒருத்தர் கேக்க முடியும்?"

"சட்டத்துல இடம் இருக்கு, சில வருஷமா. ஆனா லேசுல குடுத்துட மாட்டாங்க. அந்த நிறத்தப் பாத்ததும் நாட்டுல எல்லாரும், இது இன்னார் சரக்குன்னு சொல்லணும். அதுக்குச் சாட்சி காட்டணும்."

"அப்ப இவங்ககிட்ட சாட்சி ஏது?"

ஒனோஸுகா காகிதக் கட்டிலிருந்து ஒரு தாளை உருவி அவள் பக்கம் திருப்பி வைத்தார். "நீங்கதான்," என்றார்.

ஹருயோவின் கையெழுத்து, ஹருயோவின் சிவப்பு முத்திரை. அதற்கு மேல் நிறுவனத்தின் விளக்கம் ஒட்டியிருந்தது: தொலைதூர மலைக்கிராமத்துச் சிறு வியாபாரிகூட இந்த நிறம் எங்களுடையது என்று தானாகவே முன்வந்து ஒப்புக்கொண்டிருக்கிறார். இதைவிட வேறென்ன சாட்சி வேண்டும் என்கிற தொனியில் அது முடிந்தது. கொழுக்கட்டைப் பெட்டியைப் பற்றி ஒரு சொல் இல்லை.

ஹருயோவுக்கு முதலில் உடம்பெல்லாம் சூடேறியது, பிறகு அவமானமாக இருந்தது. திருடுகிறவன் திருடிவிட்டுப் போகட்டும். ஒரு பெண்ணின் மரியாதையைக் கையில் வாங்கி, அதையே அவளுக்கு எதிராகத் திருப்பிவைக்கிறவனை என்னவென்று சொல்வது? அவன் குனிந்த ஒவ்வொரு குனிதலும் பொய். இவள் வழக்கத்துக்குச் சொன்னது மட்டும் சட்டப்படி உண்மை. ஊர் முழுக்க ஒரு நாளைக்கு ஆயிரம் மன்னிப்பு கேட்கப்படுகிறது, யாரோ ஒருவன் பெட்டியோடு வந்து அவ்வளவையும் பொறுக்கிக்கொண்டு போய்க் கோப்பில் வைக்கத் தொடங்கினால், நாளைக்கு ஒருவரையொருவர் எப்படி முகம்பார்த்துப் பேசுவது?

வழி உண்டு என்றார் ஒனோஸுகா. பதிவு அலுவலகத்துக்கு யார் வேண்டுமானாலும் தகவல் எழுதி அனுப்பலாம், செலவில்லை. ஆனால் இரண்டு வேண்டும். அந்த வருத்தக் கடிதம் உண்மையில்லை என்று ஹருயோவே எழுதவேண்டும். அந்த நிறம் இவர்களுக்கு முன்பே, வேறு காரணத்துக்காக, காமினாசேயில் இருந்தது என்று நிரூபிக்க வேண்டும்.

ஷோஜிக்குத் தூக்கிவாரிப் போட்டது. "மன்னிப்ப வாபஸ் வாங்கறதா? ஊர்ல எவனாவது அப்படிச் செஞ்சிருக்கானா?"

"தொப்பி சரியில்லன்னா திருப்பி வாங்கிக்கிறோம்ல?" என்றாள் ஹருயோ. "இதுவும் சரியில்லாத சரக்கு. திருப்பி வாங்கறேன்."

நிரூபிக்க அவளிடம் நோட்டுகள் இருந்தன. மார்ச்சுக்கு மார்ச், பிள்ளையின் பெயர், தலைச்சுற்றளவு, துணி நிறம், பட்டறை எண். பள்ளியின் முதல்நாள் புகைப்படங்களைக் கேட்டாள். பிள்ளைகளின் முகம் தெரிவதால் தரமுடியாது என்றார் தலைமையாசிரியர். மறுநாளிலிருந்து தாய்மார்கள் வந்தார்கள், தங்கள் வீட்டுச் சுவரிலிருந்து கழற்றிய படங்களோடு, கடையின் பின்வாசல் வழியாக. ஒருவர் வந்தது இன்னொருவருக்குத் தெரியக்கூடாதாம். ஹருயோ படங்களை வாங்கிக்கொண்டாள், முன்வாசல் திறந்துதான் இருக்கிறது என்று ஒவ்வொருவரிடமும் சொல்லிக் காட்டினாள். கூட்டுறவுச் சங்க மேலாளர் தன் மகளின் படத்தைக் கொண்டுவந்தபோது மட்டும் ஒன்றும் சொல்லவில்லை. அவர் முன்வாசல் வழியாக வந்தார்.

காரணத்தைச் சொல்ல ஒரே ஆள்தான் உண்டு. நகுமோ எய்ஜிக்கு எழுபத்து நாலு வயது. அந்த நாளுக்குப் பிறகு அவர் ஸ்டீயரிங்கைத் தொட்டதில்லை. வருடத்துக்கு ஒருமுறை அதே தேதியில் பஸ் ஏறி நகாஓகாவுக்குப் போவார், குடிபெயர்ந்துவிட்ட மிஹோ வீட்டின் முன்னால் நின்று குனிவார், திரும்பிவிடுவார். வரவேண்டாம் என்று அந்தக் குடும்பம் சொல்லியும், கதவைத் தட்டாமல் தெருவிலிருந்தே குனிந்துவிட்டு வருகிறார். ஹருயோ போனபோது கொட்டகைக் கூரையிலிருந்து பனியை இறக்கிக்கொண்டிருந்தார். அவள் சொன்னதையெல்லாம் மண்வாரியை ஊன்றியபடி கேட்டார்.

"அன்னிக்குப் போலீஸ்ல ஒரு தடவ சொன்னேன்மா," என்றார். "அப்புறம் வாயத் தொறக்கல. தெரியலன்னு எழுதினா தப்பு தொப்பி மேல போயிடும். தப்பு என்னுது. அந்தப் பொண்ணு நடக்கறத நீ பாத்தியா?"

"பாத்தேண்ணே. அதனாலதான் வந்திருக்கேன்."

"பதினெட்டு வருஷமா தலைய குனிஞ்சிட்டு நிக்கறேன். இப்ப போயி, எனக்குக் கண்ணுல படலன்னு காகிதத்துல எழுதினா, குனிஞ்சதெல்லாம் பொய்யின்னு ஆயிடாதா?"

ஹருயோ பனியிலேயே நின்றாள். "நீங்க கேட்ட மன்னிப்பு நெஜம்," என்றாள். "நான் கேட்டது பொய். காகிதத்துல பாத்தா ரெண்டும் ஒண்ணுதான். ஆபீஸ்ல உக்காந்திருக்கறவனுக்கு நாம சொல்லாம எப்படித் தெரியும்? ஏப்ரல்ல பதினொரு புள்ளைங்க மஞ்சளப் போட்டுட்டு அந்த வளைவுல வரப் போகுதுண்ணே."

நகுமோ மண்வாரியைச் சாய்த்து வைத்தார். உள்ளே போய்க் காகிதம் தேடினார். எழுதி முடிக்க மதியமாகிவிட்டது. 'தவறு என்னுடையது. வளைவில் வேகத்தைக் குறைக்கவில்லை. விளைந்த நெல்லுக்கு முன்னால் மஞ்சள் தொப்பி எனக்குத் தெரியவில்லை என்பதும் உண்மை. இரண்டையும் சேர்த்தே படிக்கவும். காமினாசேயில் தொப்பியின் நிறம் மாறியது அதனால்தான்.' முத்திரை குத்தும்போது அவர் கை அழுத்திய அழுத்தத்தில் காகிதம் கிழியப் பார்த்தது.

ஹருயோவின் கடிதம் அதைவிடச் சின்னது. ஜனவரியில் நான் எழுதிக்கொடுத்தது மரியாதைக்காக எழுதியது, அதில் இருப்பது உண்மையில்லை, எனக்கு வருத்தம் இல்லை, நான் யாருடைய நிறத்தையும் எடுக்கவில்லை, கேட்டவர்களுக்குக் கொடுத்தேன். எல்லாவற்றையும் ஒரே கட்டாகச் சேர்த்து மார்ச் மாதம் அனுப்பினார்கள். ஏப்ரலில் பதினொரு பிள்ளைகள் மஞ்சள் தொப்பியோடு பள்ளிக்குப் போனார்கள். ஹருயோவே அளந்து, ஹருயோவே விற்றாள். வேறு யாராவது விற்றால் அளவு தப்பாகிவிடும் என்பதால் விற்றாள். பதினொரு வாடாமல்லித் தொப்பிகளும் அதே அளவுகளில் தைத்துக் கடையில் அடுக்கி வைத்திருந்தாள்.

பதில் வராமலே கோடை போயிற்று. நெல் பழுக்கத் தொடங்கியது. செப்டம்பர் முதல் வாரத்திலிருந்து ஹருயோ தினமும் காலையிலும் பள்ளி விடும் நேரத்திலும் கடையை ஷோஜியிடம் விட்டுவிட்டு அந்த வளைவில் போய் நின்றாள். வருகிற லாரியையெல்லாம் கையைக் காட்டி நிறுத்தினாள், ஓட்டுகிறவனிடம் நாலு வார்த்தை சொல்லித்தான் அனுப்பினாள். ஊரில் சிலர் பாதையை மாற்றி ஓட்டத் தொடங்கினார்கள்.

இருபத்து நாலாம் தேதி முற்பகல் ஒனோஸுகா தொலைபேசியில் கூப்பிட்டார். நிறுவனத்தின் விண்ணப்பம் மறுக்கப்பட்டுவிட்டது. அந்த நிறம் பாதுகாப்புக்காகப் பலகாலம் பிறர் பயன்படுத்தி வருவது, ஒரு நிறுவனத்தின் அடையாளமாக ஆகவில்லை என்பது காரணம். மேல்முறையீடு செய்யலாம், செய்தாலும் நேரம் பிடிக்கும். "இன்னிக்குத் தேதிக்கு அது யாருக்கும் சொந்தமில்ல, குவபரா சான்," என்றார், தும்மினார்.

ஒரு மணி நேரத்தில் கிளை மேலாளரும் கூப்பிட்டார். குரலிலும் அதே சிரித்த முகம். தொந்தரவு ஏற்பட்டிருந்தால் மிகவும் வருந்துவதாகச் சொன்னார்.

"எழுதிக் குடுங்க," என்றாள் ஹருயோ. "மாதிரி வாசகம் நான் அனுப்பறேன். பாத்து எழுதி, முத்திர குத்தி அனுப்புங்க."

தலைமை அலுவலகத்தோடு ஆலோசித்துச் சொல்வதாகச் சொன்னார். அந்தக் காகிதம் வரப்போவதில்லை என்று அவளுக்குத் தெரியும். எழுதினால் அது சாட்சியாகிவிடும் என்று அவர்களைவிட நன்றாகத் தெரிந்தவர்கள் யார்? ரிசீவரை வைத்துவிட்டு, பதினொரு தொப்பியையும் துணிப்பையில் போட்டுக்கொண்டு கிளம்பினாள்.

தலைமையாசிரியர் மகிழ்ச்சி தெரிவித்தார். கல்விக் குழுவின் அடுத்த கூட்டம் அக்டோபர் பதினைந்தாம் தேதி, அன்றைக்கு ஒப்புதல் வாங்கியதும் மாற்றிக்கொள்ளலாம் என்றார். அக்டோபர் பதினைந்தில் அறுப்பு முடிந்து வயல் வெறும் மண்ணாக இருக்கும் என்றாள் ஹருயோ. அவர் குனியத் தொடங்கினார். அவர் நிமிர்வதற்குள் அவள் வாசலுக்குப் போய்விட்டாள்.

மணி அடித்ததும் பிள்ளைகள் வந்தார்கள். பள்ளிக் கதவருகே அவள் முட்டிபோட்டு உட்கார்ந்து, ஒவ்வொரு மஞ்சள் தொப்பியாகக் கழற்றிப் பையில் போட்டு, வாடாமல்லியை வைத்துத் தாடைக்கடியில் நாடாவை இழுத்துவிட்டாள். பெயர் கேட்கவில்லை, அளவு பார்க்கவில்லை. ஒரு பெண் குழந்தை, யார் அனுமதி கொடுத்தார்கள் என்று கேட்டாள், தலைமையாசிரியரின் மகள். யாரும் கொடுக்கவேண்டியதில்லை என்றாள் ஹருயோ. தலைமையாசிரியர் வாசற்படியில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். தடுக்கவில்லை.

வயல்பாதையில் பிள்ளைகள் முன்னால் ஓட, ஹருயோ பைநிறைய மஞ்சள் தொப்பிகளோடு பின்னால் போனாள். நெல் இடுப்பளவு வளர்ந்து, பழுத்துச் சாய்ந்திருந்தது. வளைவுக்கு அப்பால், லாரிகள் வரும் திசையில் யாரோ ஒருவர் பாதை நடுவில் நின்றுகொண்டிருந்தார். அவள் அங்கே இல்லாததைப் பார்த்து வந்து நின்றவர், நகுமோ. அந்த இடத்துக்கு அவர் பத்தொன்பது வருடமாக வந்ததில்லை. அவருக்குப் பின்னால் நெல் ஏற்றிய சின்ன லாரி ஒன்று எஞ்சினை அணைத்துக்கொண்டு காத்திருந்தது.

பிள்ளைகள் வளைவைத் திரும்பினார்கள். நகுமோ கையை நெற்றிக்கு மேல் வைத்து, வாய் அசைய அசைய எதையோ முணுமுணுத்துக்கொண்டே பார்த்தார். கடைசிப் பிள்ளையும் திரும்பிய பிறகு, ஹருயோவைப் பார்த்துக் குரலை உயர்த்திச் சொன்னார்.

"பதினொண்ணு. பதினொண்ணும் தெரியுது."